சொல்வதெழுதல் என்னும் எல்லைக்கோடு: ஆஸ்திரேலியக் குடியேற்றச் சட்டத்தின் மொழித் தேர்வு - ஒரு திறனாய்வு

1. முன்னுரை

ஆஸ்திரேலியக் கூட்டாட்சி 1901 சனவரி முதல் நாள் தோன்றியது. அதன் நாடாளுமன்றம் முதலாண்டிலேயே இயற்றிய சட்டங்களுள் ஒன்று குடியேற்றக் கட்டுப்பாட்டுச் சட்டம். அவ்வாண்டு திசம்பர் 23ஆம் நாள் ஒப்புதல் பெற்ற இச்சட்டமே 'வெள்ளை ஆஸ்திரேலியக் கொள்கை' என்று வழங்கப்பெறும் கொள்கைக்கு அடித்தளமாயிற்று. ஆயினும், நாட்டுக்குள் வரக்கூடாதவர் யார் என்று வரையறுக்கும் அதன் முதன்மை விதியில் எந்த இனத்தின் பெயரும் இல்லை. இருப்பது ஒரு மொழித் தேர்வு மட்டுமே. அலுவலர் ஐரோப்பிய மொழி ஒன்றில் ஐம்பது சொற்கள் கொண்ட பத்தியொன்றை வாசிப்பார். வந்திறங்குபவர் அதைக் கேட்டெழுதிக் கையொப்பமிட வேண்டும். எழுத இயலாதவர் 'தடைசெய்யப்பட்ட குடியேறி' ஆவார்.

வரலாற்றாசிரியர் பலர் இதனை வெறும் போலித் தேர்வு என்று கூறி மேற்செல்வர். அக்கூற்றில் பிழையில்லை, ஆனால் மொழியியலார்க்கு அது போதாது. இனத்தைக் குறிக்க விரும்பாத ஓர் அரசு தனக்குத் திரையாக மொழியை ஏன் தேர்ந்தது? அத்திரை ஐம்பத்தேழு ஆண்டுகள் கிழியாமல் நின்றது எவ்வாறு? தேர்வு ஒழிந்தபின் அதன் அடிப்படைக் கருத்துகளும் ஒழிந்தனவா? இம்மூன்று வினாக்களையும் இக்கட்டுரை ஆராய முற்படுகிறது. இறுதியில், இவ்வரலாற்றைத் தமிழில் எழுதும்போது எழும் சொற்சிக்கல்களும் சுட்டப்படுகின்றன.

2. தேர்வின் தோற்றம்

இத்தேர்வு ஆஸ்திரேலியாவில் பிறந்ததன்று. அதன் முன்மாதிரி தென்னாப்பிரிக்காவின் நேட்டாலில் உருவாயிற்று. 1860 நவம்பரில் சென்னையிலிருந்து சென்ற 'ட்ரூரோ' என்னும் கப்பல் அங்கு முதல் ஒப்பந்தத் தொழிலாளரைக் கொண்டு இறக்கியது. கரும்புத் தோட்டங்களுக்கு உழைப்பு வேண்டியிருந்தவரை அவர்கள் வேண்டியவர்களாக இருந்தனர். ஒப்பந்தக் காலம் முடிந்தோரும் தம் செலவில் வந்த வணிகரும் அங்கே நிலைகொள்ளத் தொடங்கியபோது எதிர்ப்பு எழுந்தது. 1897 சனவரியில் டர்பனில் கரையிறங்கிய காந்தியடிகளைக் கும்பல் தாக்கியது இவ்வெதிர்ப்பின் ஒரு வெளிப்பாடே. அதே ஆண்டில் நேட்டால் இயற்றிய சட்டம், நுழைய விரும்புவோர் ஐரோப்பிய மொழி ஒன்றின் எழுத்தில் விண்ணப்பம் எழுத வேண்டும் என்றது.

இதே 1897இல் இலண்டனில் கூடிய குடியேற்ற நாட்டுத் தலைவர்களிடம், பிரித்தானியக் குடியேற்ற நாட்டு அமைச்சர் ஜோசப் சேம்பர்லின் நேட்டால் முறையைப் பரிந்துரைத்தார். இந்தியரும் பேரரசியின் குடிமக்கள். நிறத்தைப் பெயர்சொல்லி விலக்கினால் பேரரசின் சமத்துவக் கூற்றுக்கு இழுக்கு நேரும் என்பது அவர் கவலை. ஆகவே விலக்கலாம், ஆனால் வேறொன்றன் பெயரால் விலக்க வேண்டும் என்பதே அவர் அறிவுரையின் சாரம். அந்த வேறொன்றாக அமைந்ததுதான் மொழி.

எட்மண்ட் பார்ட்டன் அரசு முதலில் கொணர்ந்த வரைவில் ஆங்கிலமே தேர்வு மொழியாக இருந்தது. விவாதத்தின்போது அது 'ஐரோப்பிய மொழி ஒன்று' என மாறியது. இம்மாற்றம் நோக்கற்பாலது. ஆங்கிலம் என்று வரையறுத்தால் ஆங்கிலம் அறியாத செர்மானியரும் இத்தாலியரும் விலக்கப்படுவர். ஆங்கிலம் கற்ற இந்தியரும் சப்பானியரும் நுழைந்துவிடுவர். அதாவது, தேர்வு உண்மையாகவே மொழியறிவை அளந்துவிடும் அபாயம் அதில் இருந்தது. அந்த அபாயத்தை நீக்கவே தொடர் திருத்தப்பட்டது. மொழித் தேர்வொன்று மொழியை அளந்துவிடக்கூடாது என்பதற்காகத் திருத்தி அமைக்கப்பட்டதற்கு இதைவிடத் தெளிவான சான்று அரிது.

தம் நாட்டவரின் மொழியும் பண்பாடும் ஐரோப்பாவினதற்குத் தாழ்ந்தவையல்ல என்று சப்பானிய அரசு எதிர்ப்புத் தெரிவித்தது. இதன் பயனாக 1905இல் 'ஐரோப்பிய மொழி' என்பது 'குறிக்கப்பட்ட மொழி' எனத் திருத்தப்பெற்றது. ஆனால் ஐரோப்பிய மொழியல்லாத எதுவும் எக்காலத்தும் குறிக்கப்படவில்லை. சொல் மாறியது, நடைமுறை மாறவில்லை.

3. தேர்வின் அமைப்பு

மொழியைக் கொண்டு மனிதரைப் பிரிப்பது பழைய வழக்கம். விவிலியத்தின் நியாயாதிபதிகள் நூலில் 'ஷிபோலேத்' என்னும் சொல்லை ஒலிக்கத் தெரியாதவர் யோர்தான் துறையில் கொல்லப்பட்ட செய்தி வருகிறது. ஆஸ்திரேலிய மொழியியலார் டிம் மெக்நமாரா உள்ளிட்டோர் சொல்வதெழுதல் தேர்வை இம்மரபில் வைத்தே பேசுவர். ஒப்புமை பொருத்தமானதே. ஆயினும் இரண்டற்கும் இடையே அடிப்படை வேறுபாடொன்று உண்டு. ஷிபோலேத்தில் சோதனை மாறாதது, வருவோர் மாறுவர். அனைவர்க்கும் ஒரே சொல். சொல்வதெழுதலிலோ வருபவர்க்கு ஏற்பச் சோதனை மாறும். ஒருவர்க்கு ஆங்கிலம் தெரியுமெனில் பிரெஞ்சு. பிரெஞ்சும் தெரியுமெனில் வேறொன்று. முன்னது ஒருவர் மறைக்க முடியாததைத் தேடுகிறது. பின்னது அவர் அறியவே முடியாததைத் தேடுகிறது. எனவே தேறுவது, தோற்பது என்னும் சொற்களுக்கே இங்குப் பொருளில்லை. முடிவு முதலில்; தேர்வு பின்னர்.

எண்கள் இதனை உறுதிப்படுத்துகின்றன. 1902-03 ஆண்டுகளில் 805 முறை தேர்வு நடத்தப்பெற்று 46 பேர் தேறினர். 1904 முதல் 1909 வரை 554 முறை நடத்தப்பெற்று 6 பேர் மட்டுமே தேறினர். 1909க்குப் பின் ஒருவரும் தேறவில்லை. தேர்வியல் நோக்கில், எவரும் தேறாத தேர்வு அளவுகோல் அன்று. அது ஓர் ஆணை. அதனைச் சுங்க அலுவலர் வினாத்தாள் வடிவில் பிறப்பித்தனர் என்பதே வேறுபாடு.

காலமும் நெகிழ்ந்துகொடுத்தது. தொடக்கத்தில் வந்திறங்கிய ஓராண்டுக்குள் தேர்வு நடத்தலாம் என்றிருந்தது. 1932இல் அது ஐந்தாண்டாக நீண்டது. நாட்டுக்குள் வாழ்ந்து, தொழில் செய்து, அண்டை அயலாரோடு பழகிவிட்ட ஒருவரும் ஒரு நாள் காலையில் அறியாத மொழியின் ஐம்பது சொற்களுக்கு முன் நிறுத்தப்படலாம்.

இத்தேர்வின் மறுபக்கமாக விலக்குச் சான்றிதழ்கள் இருந்தன. 1901க்கு முன்பே குடியேறியிருந்த சீனர், இந்தியர், பிறநாட்டார் தாயகம் சென்று திரும்ப வேண்டுமாயின், தேர்விலிருந்து விலக்களிக்கும் சான்றிதழ் பெறவேண்டும். ஆஸ்திரேலிய நாட்டு ஆவணக் காப்பகத்தில் உள்ள இத்தகைய தாள்களில் உரியவரின் நிழற்படமும், மறுபுறம் மையில் தோய்த்துப் பதித்த கைத்தடமும் காணப்படும். சிலவற்றில் உரியவர் தம் எழுத்திலேயே இட்ட கையொப்பமும் உண்டு. எழுத்தறிவைக் கேட்ட சட்டம், எழுதத் தெரிந்தவரிடம் எழுத்தை நம்பாமல் கையை வாங்கிக்கொண்டது. மொழி இங்கு எவ்வளவு வெறுமையான காரணம் என்பதற்கு இந்தக் கைத்தடங்களே போதிய விளக்கம்.

இவ்வாவணங்களின் இனப்பெயர்களும் மொழியியலார் கருத்துக்குரியன. பாலை நிலங்களில் ஒட்டகம் ஓட்டப் பலுசிஸ்தானம், சிந்து, பஞ்சாபு முதலிய பகுதிகளிலிருந்து வந்தவரும் பொதுவாக 'ஆப்கானியர்' எனப்பட்டனர். சமயம் எதுவாயினும் இந்தியர் 'இந்து' எனப்பட்டதுண்டு. பெயரிடுவோர் தம் வசதிக்கு இட்ட பெயர்கள் இவை. பெயர்பெற்றோர் தம்மை அழைத்துக்கொண்டவை அல்ல.

4. எது ஐரோப்பிய மொழி?

இத்தேர்வின் உள்முரணை வெளிப்படுத்திய நிகழ்ச்சி 1934இல் நேர்ந்தது. பிராகா நகரில் பிறந்து செர்மன் மொழியில் எழுதிய இதழாளர் எகான் எர்வின் கிஷ், போருக்கும் பாசிசத்துக்கும் எதிரான மாநாடொன்றில் பேச ஆஸ்திரேலியா வந்தார். அரசு அவரை அனுமதிக்க விரும்பவில்லை. மெல்பர்னில் கப்பலிலிருந்து துறைமேடைக்குக் குதித்த அவருக்குக் கால் முறிந்தது. சிட்னியில் அவருக்குத் தேர்வு வைக்கப்பட்டது. பல ஐரோப்பிய மொழிகள் அறிந்த அவருக்கு எம்மொழியில் வைப்பது? அலுவலர்கள் தேர்ந்தது ஸ்காட்லாந்தின் கேலிக் மொழி. கிஷ் எழுத மறுத்தார். வழக்கு உயர் நீதிமன்றம் சென்றது.

ஸ்காட்டியக் கேலிக் இச்சட்டத்தின் கருத்தில் ஐரோப்பிய மொழி அன்று என்று பெரும்பான்மை நீதிபதிகள் தீர்ப்பளித்தனர். ஸ்காட்லாந்து வழிவந்தோர் பலர் இதனால் சினமுற்றனர். வரலாற்று மொழியியல் நோக்கில் இத்தீர்ப்பு வியப்பைத் தருவதே. கேலிக் மொழி இந்தோ-ஐரோப்பியக் குடும்பத்தின் கெல்டியக் கிளையைச் சார்ந்தது. ஐரோப்பிய நிலத்தில் வழங்குவது. ஆனால் நீதிமன்றம் மரபுவழி உறவையோ நிலவியலையோ அளவாகக் கொள்ளவில்லை. ஐரோப்பியச் சமுதாயம் ஒன்றில் பொதுத் தொடர்புக்குரிய செந்தர மொழியாக ஏற்கப்பெற்றதா என்பதையே அளவாகக் கொண்டது. சமுதாய மொழியியல் பின்னாளில் பயன்வழி வரையறை என்று பேசியது இதற்கு நெருங்கியதே.

இத்தீர்ப்பைக் கண்டு மொழியியலார் நகைத்துவிட்டுப் போவது எளிது. ஆனால் அதில் இரு செய்திகள் உள்ளன. முதலாவது, மொழி என்பதற்கு ஒரே வரையறை இல்லை. வரையறுக்கும் நோக்கத்துக்கேற்ப அது மாறும். இரண்டாவது, அரசில்லாத மொழி சட்டத்தின் கண்ணுக்கு எளிதில் புலப்படுவதில்லை. இவ்வாறு கிஷ்ஷைக் காத்த வரையறையே கேலிக் பேசுவோரின் மொழியை மொழிநிலையிலிருந்து இறக்கவும் செய்தது. ஒருவர்க்கு நீதியாகிய அளவுகோல் மற்றவர்க்கு இழிவாயிற்று.

1936இல் இந்தியாவிலிருந்து சென்ற ஆங்கிலேயப் பெண் ஒருவர்க்கு இத்தாலிய மொழியில் தேர்வு வைத்துத் திருப்பி அனுப்பினர். ஒழுக்கம் பற்றிய குற்றச்சாட்டே உட்காரணம். நாளேடுகளும் நாடாளுமன்றமும் கொந்தளித்தபின், 1937இல் அவர் அனுமதிக்கப்பட்டார். ஆசியர் நூற்றுக்கணக்கில் திருப்பப்பட்டபோது எழாத வினா, தாய்மொழி ஆங்கிலமாகக் கொண்ட ஒருவர் திருப்பப்பட்டபோது எழுந்தது. கருவி ஒன்றே, அது யார்மேல் பாய்கிறது என்பதைப் பொறுத்தே அதன் கொடுமை கண்ணுக்குத் தெரிந்தது.

5. சுமை இடம் மாறுதல்

இரண்டாம் உலகப்போரின் முடிவில், 1945இல், ஆஸ்திரேலியா குடியேற்றத்துக்கெனத் தனி அமைச்சை நிறுவிற்று. ஐரோப்பாவின் பல பகுதிகளிலிருந்தும் மக்கள் பெருமளவில் வந்தனர். 1958இன் சட்டம் சொல்வதெழுதல் தேர்வை ஒழித்து நுழைவு அனுமதி முறையைக் கொணர்ந்தது. 1966இல் ஐரோப்பியரல்லாதார்க்கான விதிகள் தளர்ந்தன. 1973இல் விட்லம் அரசு இன அடிப்படையை முற்றிலும் நீக்கியது.

அவ்வாண்டிலேயே தொலைபேசி வழி உரைபெயர்ப்புப் பணி தொடங்கியது. 1975இல் பல மொழி வானொலியும், 1977இல் மொழிபெயர்ப்பாளர்க்கும் உரைபெயர்ப்பாளர்க்கும் தகுதி வழங்கும் தேசிய அமைப்பும், 1980இல் பன்மொழித் தொலைக்காட்சியும் வந்தன. 1987இல் ஜோசப் லோ பியாங்கோ வகுத்த தேசிய மொழிக் கொள்கையில் ஆங்கிலத்தோடு குடியேறியோர் மொழிகளும் தொல்குடி மொழிகளும் இடம்பெற்றன.

இம்மாற்றத்தைப் பரிவு, பெருந்தன்மை முதலிய சொற்களால் விளக்குவதைவிட, சுமை இடம் மாறியது என்று விளக்குவதே பொருந்தும். சொல்வதெழுதல் தேர்வில் அலுவலரின் மொழியை அறியும் சுமை வருபவர்மேல் இருந்தது. உரைபெயர்ப்புப் பணியில் வந்தவரின் மொழியை அறியும் சுமையில் ஒரு பகுதியை அரசு ஏற்றது. நாட்டின் பன்மையை ஏற்பது என்பதன் நடைமுறைப் பொருள் இதுவே. 2021 மக்கள்தொகைக் கணக்கின்படி ஆஸ்திரேலிய மக்களுள் நூற்றுக்கு 27.6 பேர் வெளிநாட்டில் பிறந்தோர் என்னும்போது இச்சுமை சிறிதன்று.

ஆனால் வரலாறு ஒரே திசையில் செல்லவில்லை. 1992இல் அனுமதியின்றிப் படகுவழி வந்தோரைக் கட்டாயமாகத் தடுத்துவைக்கும் முறை சட்டமாயிற்று. 2007 முதல் குடியுரிமை பெற ஆங்கிலத்தில் தேர்வு நடத்தப்படுகிறது. அது நாட்டைப் பற்றிய அறிவை அளப்பதாகக் கூறுகிறது. எனினும் வினாவைப் படித்துணரும் ஆங்கிலமும் அதனுள் அளக்கப்படுகிறது. இதனைச் சொல்வதெழுதலோடு சமன்படுத்துவது மிகையாகும். இதில் படிக்க வேண்டியது முன்கூட்டியே தரப்படுகிறது, பெரும்பாலோர் தேறுகின்றனர். ஒன்றைக் காட்டி மற்றொன்றை அளக்கும் பழக்கம் முற்றும் போய்விடவில்லை என்று கூறும் அளவிலேயே இவ்வொப்புமை நிற்கும். மேலும், 1788இல் இக்கண்டத்தில் 250க்கு மேற்பட்ட மொழிகள் வழங்கின. அவற்றைப் பேசியோர் வந்திறங்கியவர்க்கு எத்தேர்வும் வைக்கவில்லை என்பதும் நினைவிற்கொள்ளத்தக்கது.

6. பேச்சே சான்றாகும்போது

புகலிடம் கோருவோர் பலர் கடவுச்சீட்டின்றி வருவர். அவர் கூறும் நாட்டினர்தாமா என்பதை அறிய, அவர் பேச்சைப் பதிவுசெய்து ஆராயும் முறை 1990களில் பல நாடுகளில் பரவிற்று. ஆப்கானிஸ்தானத்து அசாராக்கள் என்று கூறி ஆஸ்திரேலியா வந்தோரின் பேச்சு இவ்வாறு ஆராயப்பட்டது. டயானா ஈட்ஸ் முதலான ஆஸ்திரேலிய மொழியியலார் மேல்முறையீட்டுத் தீர்ப்புகளை ஆய்ந்து, இம்முறையின் குறைகளை 2003இல் வெளியிட்டனர். 2004இல் பல நாட்டு மொழியியலார் 19 பேர் கூடி இதற்கான நெறிமுறைகளை வெளியிட்டனர். பேச்சு ஒருவர் வளர்ந்த சமுதாயத்தைக் காட்டலாம், குடியுரிமையைக் காட்டாது. ஆய்வாளர் பயிற்சிபெற்ற மொழியியலாராக இருத்தல் வேண்டும். மொழியைத் தாய்மொழியாகப் பேசுவது மட்டும் தகுதியாகாது என்பன அவற்றுட் சில.

ஷிபோலேத் இங்குத் தன் பழைய வடிவில் திரும்புகிறது. சோதனை நிலையானது, மறைக்க முடியாதது தேடப்படுகிறது. ஆதலின் இது சொல்வதெழுதலைவிட நேர்மையானதாகத் தோன்றும். நோக்கமும் எப்போதும் தீயதன்று. முறையாகச் செய்யின் உண்மை கூறுபவர்க்கு அது துணையாகவும் அமையும். இடர் அதன் முற்கோளில் உள்ளது: ஒரு நாடு, ஒரு பேச்சு.

தமிழே இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. 'உது', 'உவன்' என்னும் சுட்டுகளையும் 'கதைத்தல்' என்னும் வினையையும் கேட்டால் யாழ்ப்பாணத்தார் என்று நாம் விரைந்து முடிவு கட்டுவோம். ஆனால் 1983க்குப் பின் தமிழ்நாட்டு முகாம்களில் பிறந்து வளர்ந்த பிள்ளை வீட்டில் 'கதைக்கும்', பள்ளியில் 'பேசும்'. நுவரெலியாவின் தேயிலைத் தோட்டத்தில் பிறந்தவர் பேச்சு தமிழ்நாட்டு வட்டார வழக்குகளை ஒத்திருக்கலாம். அவர் மூதாதையர் அங்கிருந்து சென்றவர் ஆதலின். 1964இன் சிறிமாவோ-சாஸ்திரி ஒப்பந்தம் இம்மக்களுள் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் உரியவராகப் பங்கிட்டது. ஒரே குடும்பத்தின் ஒரே பேச்சு இரு நாட்டுக் குடியுரிமைகளாயிற்று. 2009இல் இலங்கைப் போர் முடிந்தபின் படகேறி ஆஸ்திரேலியா நோக்கிச் சென்றோருள் தமிழரும் இருந்தனர். அவர்தம் பேச்சை ஒலிநாடாவில் கேட்டு 'இவர் இலங்கையர் அல்லர்' என்று எழுதும் ஒருவர், மொழியியல் கருத்தை மட்டும் எழுதவில்லை என்பதை உணர்தல் வேண்டும்.

7. மொழிபெயர்ப்பில் எழும் சிக்கல்கள்

இவ்வரலாற்றைத் தமிழில் எழுதுவோர் முதலில் எதிர்கொள்ளும் சொல் 'குடியேற்றம்'. ஆங்கிலம், நிலத்தைக் கைப்பற்றி அமர்ந்தவரை ஒரு சொல்லாலும் பின்னர் வந்தவரை வேறொரு சொல்லாலும் குறிக்கும். தமிழில் இருவரும் 'குடியேறியவர்'. முன்னவர் அமைத்ததும் 'குடியேற்ற நாடு'தான். மொழிபெயர்ப்பாளர் இதனைக் குறையெனக் கருதி வேறு சொல் ஆக்க முற்படுவதுண்டு. சில இடங்களில் அவ்வேறுபாடு தேவையே. ஆனால் 1788இல் கப்பலில் வந்தவரும் 1850களில் பொன் தேடி வந்த சீனரும் தமிழில் ஒரே சொல்லுக்குள் அடங்குவது, ஆங்கிலச் சொற்பிரிவு மறைத்த ஒன்றை வெளிக்காட்டுகிறது. முன் வந்தவர், பின் வந்த சீனருக்கு 1855இலேயே விக்டோரியாவில் தலைக்குப் பத்துப் பவுன் வரி விதித்தனர் என்பதைத் தமிழில் எழுதும்போது, குடியேறியவர் குடியேறியவர்க்கு வரி விதித்தார் என்றே வாக்கியம் அமையும். அதனைத் திருத்த வேண்டியதில்லை.

அடுத்தது 'சட்டவிரோதக் குடியேறி'. சட்டத்துக்கு மாறானது ஒரு செயலாகலாம். ஆள் எங்ஙனம் ஆவார்? செயலின் அடையை ஆளின்மேல் ஏற்றும் இவ்வழக்கு ஆங்கிலத்திலிருந்து மட்டும் வந்ததன்று. இந்திய வம்சாவளித் தமிழரை இலங்கையில் இழித்துரைத்த 'கள்ளத்தோணி' என்னும் சொல்லை நோக்குக. தோணிக்குரிய அடை, தோணியில் வந்தவர்க்கும், பின் வராமல் அங்கேயே பிறந்தவர்க்கும் ஆகிவந்தது. ஆகுபெயர் இலக்கணத்தில் அணியாக இருக்கலாம். குடியுரிமைப் பட்டியலில் அது தண்டனையாகும். 'விசாவின்றி வந்தவர்', 'புகலிடம் கோருபவர்' எனச் செயலைக் கூறும் தொடர்கள் நீளமானவை. எனினும் அவை தீர்ப்பை முந்திக் கூறுவதில்லை.

மூன்றாவது 'புலம்பெயர்ந்தோர்'. பட்டினப்பாலையில் இத்தொடர், புகார் நகரில் கலந்து வாழ்ந்த வேற்றுமொழியாளரைக் குறித்து வந்துள்ளது. இன்றோ வெளிநாடு சென்ற தமிழரையே பெரிதும் குறிக்கிறது. நம்மவர் செல்லின் 'புலம்பெயர்ந்தோர்', பிறர் வரின் 'வந்தேறி' என்னும் இரட்டை வழக்கு நாளேடுகளில் காணத்தக்கது. நகர்வு ஒன்றே, நாம் நிற்கும் இடமே சொல்லை முடிவுசெய்கிறது.

8. முடிவுரை

சொல்வதெழுதல் தேர்வு மூன்று முற்கோள்களின்மேல் நின்றது: மொழி இனத்துக்கு அடையாளம், மொழியின் எல்லையும் நாட்டின் எல்லையும் ஒன்று, எது மொழி என்பதை முடிவு செய்யும் உரிமை அலுவலர்க்குரியது. தேர்வு 1958இல் ஒழிந்தது. முற்கோள்கள் அதனோடு ஒழியவில்லை. அவற்றை வளர்த்ததில் மொழியினத்தையும் மனித இனத்தையும் ஒன்றாக வைத்துப் பேசிய பத்தொன்பதாம் நூற்றாண்டு மொழி ஆய்வுக்கும் பங்குண்டு. ஆகவே அவற்றைக் களைவதிலும் நம் துறைக்குக் கடமையுண்டு.

இது தொலைநாட்டுச் செய்தி என்று இந்திய மொழியியலார் ஒதுக்க இயலாது. வங்காளமும் நேபாளியும் பஞ்சாபியும் தமிழும் நம் நாட்டெல்லையின் இருபுறமும் வழங்கும் மொழிகள். பேச்சைக் கேட்டு ஒருவர் எந்நாட்டார் என்று கூறும்படி நம்மிடம் எவரேனும் கேட்கும்போது, நாம் முதலில் அளிக்க வேண்டிய விடை, அவ்வினாவில் எப்பகுதிக்கு மொழியியல் விடை தரும், எப்பகுதிக்குத் தராது என்பதே. அப்பகுப்பைச் செய்யாமல் விடைகூறுபவர், தாம் அறியாமலேயே ஐம்பது சொற்களை வாசித்த அந்த அலுவலரின் இருக்கையில் அமர்ந்துவிடுகிறார்.